கைதான் முந்தியது: மனித அறிவு வளர்ந்த வரலாறு

(மும்பை தாராவியில் நமது சங்கத்தின் ஞாயிறு மாலைக் கூட்டத்தில், கல்விக் குழுவின் சார்பில் நிகழ்த்தப்பட்ட உரையின் எழுத்து வடிவம்.)



இன்று பேசும்படி நமது சங்கம் எங்களுக்குக் கொடுத்திருக்கிற தலைப்பு "மனித அறிவின் தோற்றமும் வளர்ச்சியும்". தலைப்பைக் கேட்டவுடன், இது காலேஜ் படித்தவர்களுக்கான பேச்சு, நமக்கென்ன வேலை என்று யாரும் எழுந்துவிட வேண்டாம். தோல் பட்டறையிலிருந்தும், தையல் மிஷினிலிருந்தும், இட்லிப் பானையை இறக்கி வைத்துவிட்டும் வந்து உட்கார்ந்திருக்கிறோமே, நம்மைப் பற்றித்தான் இந்தப் பேச்சு.

இந்தத் தலைப்பை ஏன் எடுத்துக்கொண்டோம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறோம். மாலை வகுப்புக்கு வந்துகொண்டிருந்த பிள்ளைகளில் சிலர் நின்றுவிட்டார்கள். வீடு வீடாகப் போய் விசாரித்தோம். காசில்லை என்று சொன்னவர்கள் குறைவு. பெரும்பாலானோர் சொன்ன பதில், "இவனுக்குப் படிப்பு மண்டையில் ஏறாதுங்க". ஒரு தாய், "எங்க வம்சத்துலயே யாரும் படிச்சதில்ல, இவளுக்கு மட்டும் எங்கிருந்து வரும்" என்று கேட்டார். இன்னொரு வீட்டில், ஏழாம் வகுப்புப் பெண் பிள்ளையைப் பள்ளிக்கூடத்திலேயே 'மந்தம்' என்று சொல்லி அனுப்பிவிட்டார்களாம். அந்தப் பிள்ளை கதவோரம் நின்று கேட்டுக்கொண்டுதான் இருந்தது. எங்கள் முகத்தைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்தது.

காசில்லை என்றால் சங்கம் ஏதாவது செய்யலாம். நோட்டுப் புத்தகம் வாங்கித் தரலாம். ஆனால் அறிவே இல்லை என்று பெற்றவர்களே தீர்ப்பு எழுதிவிட்டால் என்ன செய்வது? ஆகவேதான் அந்த அறிவு என்பது என்ன, அது எங்கிருந்து வந்தது, யாருக்கு யார் கொடுத்தது என்று அடிவேரிலிருந்து பார்த்துவிடுவது என்று முடிவு செய்தோம்.

தோழர்களே, குரங்கிலிருந்து மனிதன் வந்தான் என்று சொன்னால் சிலர் சிரிப்பார்கள். விஞ்ஞானம் சொல்வது அதுவல்ல. சிம்பன்சிக் குரங்குக்கும் நமக்கும் பொதுவான ஒரு மூதாதை ஆப்பிரிக்காவில் வாழ்ந்தது; ஏறத்தாழ 60, 70 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்னால் அந்த ஒரு வழி இரண்டாகப் பிரிந்தது என்பதுதான் அது சொல்வது. பிரிந்த பிறகு நம் பக்கத்தில் எது முதலில் மாறியது? மூளையா, உடம்பா?

சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் ஐரோப்பாவின் பெரிய பெரிய பேராசிரியர்களெல்லாம் இதற்கு ஒரே பதிலைத்தான் வைத்திருந்தார்கள். முதலில் மூளை பெருத்தது, புத்தி வந்தது, புத்தி வந்ததால் நிமிர்ந்து நடந்தான், புத்தி சொன்னபடி கை வேலை செய்தது என்றார்கள். தலை எஜமான், கை வேலைக்காரன். அவர்கள் வாழ்ந்த வீடுகளில் அப்படித்தானே இருந்தது! எழுதுகிறவன் மாடியில் இருந்தான், உழைக்கிறவன் கீழே இருந்தான். இயற்கையும் அப்படித்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டார்கள்.

1912-ஆம் ஆண்டு இங்கிலாந்தில் பில்ட்டவுன் என்ற ஊரில் ஒரு மண்டையோடு கிடைத்தது என்று அறிவித்தார்கள். மண்டை பெரிது, மனிதனுடையது போல. தாடை மட்டும் குரங்கினுடையது போல. பார்த்தீர்களா, மூளைதான் முதலில் வளர்ந்தது என்று கொண்டாடினார்கள். அதிலும் அந்த முதல் மனிதன் ஓர் இங்கிலாந்துக்காரன் என்பதில் அவர்களுக்கு இரட்டிப்பு மகிழ்ச்சி. நாற்பது ஆண்டுகள் கழித்து, 1953-இல் சோதித்துப் பார்த்தபோது வண்டவாளம் வெளியே வந்தது. மனித மண்டையோட்டையும் ஒராங்குட்டான் குரங்கின் தாடையையும் சேர்த்து வைத்து, பல்லை அரத்தால் ராவி, பழசாகத் தெரிய சாயம் போட்டு, யாரோ புதைத்து வைத்திருக்கிறார்கள்! நம் ஊர் சந்தையில் கிழட்டு மாட்டுக்குக் கொம்பு சீவி விற்கிறவன் கூட இவ்வளவு துணிய மாட்டான். படித்தவர்கள் எப்படி ஏமாந்தார்கள் என்று கேட்டால், அவர்கள் கேட்க விரும்பிய பொய்யைச் சொன்னதால் ஏமாந்தார்கள்.

இதற்கு நடுவில் உண்மையான சான்று ஒன்று 1924-இலேயே கிடைத்துவிட்டது. தென் ஆப்பிரிக்காவில் தாவுங் என்ற இடத்தில் சுண்ணாம்புக்கல் குவாரி. அங்கே பாறை உடைக்கும்போது கிடைத்த ஒரு குழந்தையின் மண்டையோடு ரேமண்ட் டார்ட் என்ற பேராசிரியரின் கைக்கு வந்தது. மூளை சிறியது, குரங்கு அளவு. ஆனால் கழுத்தெலும்பு வந்து சேரும் துவாரம் மண்டைக்குப் பின்னால் இல்லாமல் அடியில் இருந்தது. அப்படியென்றால் தலையை நேராகத் தாங்கி நிமிர்ந்து நடந்த உயிர். டார்ட் இதை 1925-இல் எழுதினார். இலண்டன் பண்டிதர்கள் ஏற்கவில்லை. அவர்கள் கையில்தான் பில்ட்டவுன் இருந்ததே! அந்தக் குவாரிக் குழந்தை இருபது ஆண்டுகளுக்கு மேல் வாசலில் காத்திருந்தது.

பிறகு 1974-இல் எத்தியோப்பியாவில் 'லூசி' என்று பெயர் வைக்கப்பட்ட பெண்ணின் எலும்புக்கூடு கிடைத்தது. ஏறத்தாழ 32 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவள். இடுப்பும் முழங்காலும் நம்மைப் போல. நன்றாக நிமிர்ந்து நடந்தவள். அவள் இனத்தின் மூளையின் அளவு என்ன? நாம் காலையில் வாங்குகிற அரை லிட்டர் பால் பாக்கெட்டில் அடங்கிவிடும், அதிலும் இடம் மிச்சம் இருக்கும். நம்முடையது சராசரியாக 1,350 கன சென்டிமீட்டர்; ஒன்றேகால் லிட்டருக்கும் மேல். கென்யாவில் லொமெக்வி என்ற இடத்தில் 2011-இல் கண்டெடுத்த கல் கருவிகளின் வயது 33 இலட்சம் ஆண்டுகள். மூளை பெருப்பதற்கு வெகு காலம் முன்பே யாரோ உட்கார்ந்து கல்லோடு கல்லை மோதி விளிம்பு செய்திருக்கிறார்கள்.

ஆக, கால் முந்தியது. கால் நிமிர்ந்ததால் கைக்கு விடுதலை கிடைத்தது. விடுதலை பெற்ற கை வேலை செய்தது. வேலை செய்த கைக்குப் பின்னால்தான் மூளை வளர்ந்து வந்தது. மண்ணைத் தோண்டி எடுப்பதற்கு முன்பே, 1876-இல், கார்ல் மார்க்ஸின் தோழர் எங்கெல்ஸ் ஒரு கட்டுரையில், குரங்கு மனிதனானதில் உழைப்பின் பங்கு என்ன என்று ஆராய்ந்து, கைதான் முந்தியது என்று எழுதி வைத்தார். அவர் எலும்பு ஆராய்ச்சியாளர் அல்ல. அவருடைய எல்லாக் கருத்தும் நிற்கும் என்று நாம் சொல்ல வரவில்லை. ஆனால் இந்த ஒரு விஷயத்தில் பேராசிரியர்கள் தவறியதும் அவர் தவறாததும் ஏன்? உழைப்பை அவர் கேவலமாகப் பார்க்கவில்லை, அதனால்தான். நம் நாட்டிலும் தலையில் பிறந்தவன், காலில் பிறந்தவன் என்று கதை கட்டியவர்கள் உண்டு. காலில் பிறந்தது கேவலமாம்! மனித வரலாறே காலில்தான் பிறந்திருக்கிறது.

இது எங்கோ ஆப்பிரிக்காவில் மட்டும் நடந்த சங்கதி என்று நினைக்க வேண்டாம். 1863-இல் சென்னைக்குப் பக்கத்தில் பல்லாவரத்தில் இராபர்ட் புரூஸ் ஃபூட் என்ற நிலவியலாளர் ஒரு கல் கோடரியைக் கண்டெடுத்தார். அதே ஆண்டில் கொசஸ்தலையாற்றுப் பகுதியில் அத்திரம்பாக்கம் என்ற இடமும் தெரிய வந்தது. இன்றைய திருவள்ளூர் மாவட்டம். சாந்தி பப்பு அம்மையார் தலைமையில் பல ஆண்டுகள் அங்கே அகழாய்வு செய்தார்கள். அங்குள்ள மிகப் பழைய கைக்கோடரிகளின் வயது ஏறத்தாழ 15 இலட்சம் ஆண்டுகள் என்று 2011-இல் வெளியிட்டார்கள். அதே இடத்தில் மேல் அடுக்கில், வேறு நுட்பத்தில் செய்த சிறிய கருவிகள். 3,85,000 ஆண்டுகள் வரை பழமையானவை என்று 2018-இல் சொன்னார்கள். அந்தக் கல்லைச் செய்தவர்கள் தமிழர்கள் அல்ல, இந்தியர்களும் அல்ல. தமிழே அப்போது ஏது, நம்மைப் போன்ற மனிதனே அப்போது ஏது! யாராவது மேடையில் வேறு மாதிரி சொன்னால் நம்ப வேண்டாம். ஆனால் கைகள் அவை.

அந்தக் கைக்கோடரியை அருங்காட்சியகத்தில் பார்த்தவர்களுக்குத் தெரியும். இரண்டு பக்கமும் ஒரே மாதிரி, இலை போல, நுனி கூராக. குருட்டாம்போக்கில் உடைத்தால் அப்படி வராது. அடுத்த அடியை எங்கே அடிப்பது, அடித்தால் எந்தப் பக்கம் சில்லு போகும் என்று முன்கூட்டியே மனதில் பார்த்தாக வேண்டும். இங்கே தோல் வெட்டுகிற தோழர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஒரு முழுத் தோலைப் பலகையில் விரித்ததும் கத்தியை வைக்கிறீர்களா? இல்லை. கொஞ்ச நேரம் பார்க்கிறீர்கள். எங்கே தழும்பு, எங்கே மெல்லிசு, எத்தனை பர்ஸ் வரும், எவ்வளவு கழிவு போகும். கத்தி பிறகுதான் இறங்குகிறது. அந்தக் 'கொஞ்ச நேரம்' இருக்கிறதே, அதைத்தான் சிந்தனை என்கிறோம்.

கல்லைக் கொத்துவதைத் தனியாகக் கற்றுக்கொள்ள முடியாது. ஒருவர் செய்ய மற்றவர் பார்க்க வேண்டும், தப்பாகச் செய்தால் தடுக்க வேண்டும். இந்தக் கூட்டு உழைப்பில்தான் சைகையும் பேச்சும் வளர்ந்திருக்க வேண்டும் என்பது அறிஞர்கள் பலரின் கருத்து. பேச்சு எப்போது பிறந்தது என்பதற்கு எலும்பு சாட்சி சொல்லாது. ஆனால் மூளையில் பேச்சுக்கென்று ஒரு பகுதி உண்டு என்பது 1861-இல் தெரிந்துவிட்டது. கண்டுபிடித்தவர் பாரிஸ் மருத்துவர் புரோக்கா என்று பாடப் புத்தகம் சொல்லும். யார் மூளையில் கண்டுபிடித்தார்? லெபோர்ன் என்பவர், செருப்பு தைப்பதற்கான மர அச்சு செய்யும் தொழிலாளி, பேச்சு இழந்து இருபது ஆண்டுகளாக ஆஸ்பத்திரியில் கிடந்தவர். அவர் வாயிலிருந்து வந்தது 'டான்' என்ற ஒரே ஓசை. விஞ்ஞான வரலாற்றில் தொழிலாளி பெரும்பாலும் இப்படித்தான் வருகிறான், மேஜையின் மேல் கிடத்தப்பட்டவனாக.

இன்னொன்று நெருப்பு. தென் ஆப்பிரிக்காவின் வொண்டர்வெர்க் குகையில் ஏறத்தாழ 10 இலட்சம் ஆண்டுகளுக்கு முந்தைய நெருப்பின் தடயம் இருக்கிறது. பச்சையாகத் தின்றால் நாள் முழுவதும் மெல்ல வேண்டும். வேக வைத்தால் கொஞ்சம் தின்றாலும் சக்தி அதிகம். மிச்சமான சக்தி மூளைக்குப் போயிற்று என்று சிலர் வாதிடுகிறார்கள். முழுதும் நிரூபணமாகவில்லை என்றாலும் நல்ல வாதம். மூளை என்பது பெரிய தீனிக்காரன். உடம்பு எடையில் நூற்றுக்கு 2 பங்குதான். சாப்பாட்டுச் சக்தியில் நூற்றுக்கு 20 பங்கு அதற்கு வேண்டும். ஐந்து வயதுக் குழந்தை சும்மா படுத்திருக்கும்போது அதன் உடம்பு செலவிடுகிற சக்தியில் பாதிக்கு மேல் மூளைக்கே போகிறது.

தாய்மார்கள் இதைக் கொஞ்சம் நினைத்துப் பார்க்க வேண்டும். காலையில் ஒரு டீயும் பன்னும் தின்றுவிட்டு வகுப்பில் தூங்கி விழுகிற பிள்ளையை மந்தம் என்கிறோம். பட்டினிக்கு மந்தம் என்று பெயர் வைக்கிறோம். நம் பெரியவர்கள் சிலருக்கு இது அன்றே புரிந்திருந்தது. 1920-இல் சென்னை மாநகராட்சி, தியாகராயர் தலைவராக இருந்தபோது, ஆயிரம் விளக்குப் பள்ளியில் மதிய உணவு கொடுத்தது. 1956-இல் காமராசர் அதை மாநிலத்துக்கு விரித்தார், 1982-இல் எம்.ஜி.ஆர். சத்துணவாக்கினார். 2001-இல் உச்ச நீதிமன்றம் இந்தியா முழுவதும் சமைத்த உணவு கொடு என்று உத்தரவிட்டது. சோற்றுக்காகப் பள்ளிக்கு வருகிறான் என்று கேலி பேசியவர்கள் இருந்தார்கள். சோறு போகிற இடம் வயிறு மட்டும்தான் என்று நினைத்தவர்கள் அவர்கள்.

இனி இந்த வரலாற்றின் முக்கியமான கட்டத்துக்கு வருகிறோம். நிமிர்ந்து நடப்பதற்காக இடுப்பு குறுகியது. மூளை பெருத்ததால் தலை பெருத்தது. பிரசவ வலியை அனுபவித்த தாய்மார்களுக்கு இதன் விளைவு தெரியும். முழு வளர்ச்சி பெற்ற மூளையோடு மனிதக் குழந்தை பிறக்கவே முடியாது. பிறந்த குழந்தையின் மூளை வளர்ந்தவர் மூளையில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவு. கன்றுக்குட்டி பிறந்த சிறிது நேரத்தில் எழுந்து நிற்கிறது. நம் பிள்ளைக்குத் தலை நிற்கவே மாதக்கணக்கு ஆகிறது. ஆறு வயதுக்குள் மூளை அளவில் பத்தில் ஒன்பது பங்கை எட்டிவிடுகிறது. அப்படியென்றால் மனித மூளையின் பெரும்பகுதி கட்டப்படுவது எங்கே? தாயின் வயிற்றில் அல்ல. மடியில், தெருவில், பேச்சுக்கு நடுவில், பாட்டியின் கதையில்.

இதற்கு ஒரு சான்று நிகராகுவா நாட்டில் கிடைத்தது. அங்கே காது கேளாத பிள்ளைகள் தனித்தனி வீடுகளில், பேச்சுத் துணையில்லாமல் கிடந்தார்கள். 1970-களின் இறுதியிலும், 1979 புரட்சிக்குப் பிறகும், தலைநகர் மனாகுவாவில் அவர்களை ஒரே பள்ளியில் சேர்த்தார்கள். வாத்தியார்கள் உதட்டசைவைப் பார்த்து ஸ்பானிஷ் கற்கச் சொன்னார்கள், அது பலிக்கவில்லை. ஆனால் விளையாட்டுத் திடலிலும் பஸ்ஸிலும் பிள்ளைகள் தங்களுக்குள் கையால் பேச ஆரம்பித்தார்கள். பின்னால் வந்து சேர்ந்த சின்னப் பிள்ளைகள் அந்தச் சைகைகளுக்கு இலக்கணமே கொண்டுவந்துவிட்டார்கள். 1986-இல் மொழியியலார் போய்ப் பார்த்தபோது, யாரும் கற்றுக்கொடுக்காத ஒரு மொழி அங்கே பிறந்துகொண்டிருந்தது. ஒரே பிள்ளைகள்தான். தனியாக இருந்தபோது 'ஊமை'. பத்துப் பேர் சேர்ந்தபோது ஒரு மொழியைப் படைத்தவர்கள்.

அப்படியானால் 'மந்த புத்தி' என்ற முத்திரை எங்கிருந்து வந்தது? பிரான்ஸ் நாட்டில் ஆல்பிரட் பினே என்பவர் 1905-இல் ஒரு பரீட்சை தயாரித்தார். வகுப்பில் பின்தங்குகிற பிள்ளைகளை அடையாளம் கண்டு கூடுதலாக உதவி செய்வதற்காக. அறிவு என்பது மாறாத அளவு அல்ல, பயிற்சியால் வளரும் என்று அவரே சொல்லியிருந்தார். நல்ல மனிதர். ஆனால் அந்தப் பரீட்சை கப்பலேறி அமெரிக்கா போனதும் என்னவாயிற்று பாருங்கள்.

நியூயார்க் துறைமுகத்தில் எல்லிஸ் தீவு. ஐரோப்பாவிலிருந்து பிழைப்புத் தேடி வருகிறவர்கள் அங்கேதான் இறங்க வேண்டும். இத்தாலியிலிருந்தும் ஹங்கேரியிலிருந்தும் ரஷ்யாவிலிருந்தும் வந்த உழவர்கள், தையல்காரர்கள், யூதர்கள். நம்மைப் போல மூட்டை முடிச்சோடு வந்தவர்கள். நாம் தாதர் ஸ்டேஷனில் இறங்கியது போல அவர்கள் அங்கே இறங்கினார்கள். 1913-இல் ஹென்றி காடர்ட் என்ற மனோதத்துவ நிபுணர் அங்கே ஆட்களை அனுப்பி, அவர்களில் 152 பேருக்குப் பரீட்சை வைத்தார். மூன்றாம் வகுப்பில் கடல் கடந்து வந்த களைப்பு. சீருடைக்காரர்களைப் பார்த்த பயம். பென்சிலையே பிடித்தறியாத கை. கேள்வி ஒரு மொழியில், மொழிபெயர்ப்பு இன்னொரு மொழியில். இன்று என்ன தேதி? மூன்று நிமிடத்தில் 60 வார்த்தை சொல். இந்தப் படத்தைப் பார்த்து, மறைத்ததும் வரைந்து காட்டு. முடிவை 1917-இல் வெளியிட்டார்: யூதர்களில் 83 சதவீதம், ஹங்கேரியர்களில் 80, இத்தாலியர்களில் 79, ரஷ்யர்களில் 87 சதவீதம் பேர் மந்த புத்தி!

நூறு பேரில் எண்பது பேர் மந்தம் என்று ஒரு தராசு சொன்னால், தராசில் கோளாறு என்று காய்கறிக்காரருக்குக் கூடத் தெரியும். நிபுணருக்குத் தெரியவில்லை. 1924-இல் அமெரிக்கா சட்டம் போட்டு தென் ஐரோப்பியரும் கிழக்கு ஐரோப்பியரும் வருவதை இறுக்கிக் குறைத்தது. அந்தச் சட்டத்துக்கு ஆள் சேர்த்தவர்கள் வாயில் இந்த மாதிரிப் பரீட்சைப் பேச்சு நன்றாகவே புழங்கியது. மந்தம் என்று எழுதப்பட்ட அந்த மக்களின் பேரப்பிள்ளைகள்தான் பிறகு அந்த நாட்டின் டாக்டர்களாகவும் நீதிபதிகளாகவும் உட்கார்ந்தார்கள். இரத்தம் மாறிவிட்டதா? பள்ளிக்கூடம் கிடைத்தது. ஜேம்ஸ் ஃபிளின் என்பவர் 1987-இல் 14 நாடுகளின் கணக்கை எடுத்துப் பார்த்தபோது, ஒரே தலைமுறையில் இந்தப் பரீட்சை மதிப்பெண்கள் எல்லா இடத்திலும் ஏறியிருந்தன. ஒரு தலைமுறையில் பிறவிக்கூறு மாறாது. உணவும் பள்ளியும் வாழ்க்கையும்தான் மாறும்.

பிறவியில் ஆளுக்கு ஆள் வேறுபாடே கிடையாது என்று நாம் வாதிக்கவில்லை. ஒரே வீட்டில் அண்ணன் தம்பிக்கே வேறுபாடு இருக்கிறது. உண்மையாகவே மூளை வளர்ச்சிக் குறைபாட்டோடு பிறக்கும் பிள்ளைகளும் உண்டு. அவர்களுக்கு வேறு விதமான உதவி வேண்டும், அதுவும் அவர்கள் உரிமை. ஆனால் ஒரு சாதிக்கோ, ஒரு தெருவுக்கோ, பெண் என்பதற்காகவோ, கூலிக்காரன் பிள்ளை என்பதற்காகவோ அறிவு குறைவு என்பதற்கு எந்த ஆதாரமும் இல்லை.

சரி, பிள்ளை கடையில் கெட்டிக்காரன், வகுப்பில் ஏன் முட்டுகிறான்? இதற்கு அழகான ஆராய்ச்சி ஒன்று பிரேசில் நாட்டில் ரெசிஃபே என்ற நகரத்தில் நடந்தது. கிராமங்களிலிருந்து பிழைக்க வந்த குடும்பங்களின் பிள்ளைகள் அங்கே சந்தையில் தேங்காயும் பழமும் விற்பார்கள். டெரெசின்யா நூனெஸ் முதலான ஆய்வாளர்கள் வாடிக்கையாளர்களாகப் போய் நின்றார்கள். ஒரு தேங்காய் 35 குருசேரோ, நாலு எவ்வளவு என்று கேட்டார்கள். பையன் வாய்க்கணக்காக, மூன்று என்றால் 105, அதோடு முப்பது 135, இன்னும் கொஞ்சம், ஆக 140 என்று சொல்லிவிட்டான். பின்னால் அதே மாதிரிக் கணக்கைக் காகிதத்தில் 35 பெருக்கல் 4 என்று எழுதிக் கொடுத்தார்கள். நாலைந்து இருபது, இரண்டு மிச்சம், மூன்றும் இரண்டும் ஐந்து, நாலைந்து இருபது, விடை 200! எழுதிவிட்டுப் பேசாமல் உட்கார்ந்திருந்தான். சந்தையில் யாராவது நாலு தேங்காய்க்கு 200 கேட்டிருந்தால் அவனே சிரித்திருப்பான். ஐந்து பிள்ளைகளைச் சோதித்தார்கள். சந்தையில் நூற்றுக்கு 98 சரி, வெறும் எண்ணாக எழுதிக் கொடுத்தபோது நூற்றுக்கு 37 சரி. 1985-இல் வெளியான ஆராய்ச்சி.

அந்தப் பையனுக்கு மூளை இல்லையா? இருக்கிறது. பள்ளிக்கூடம் அவன் அறிவை வாசலில் கழற்றி வைத்துவிட்டு வரச் சொன்னது. இட்லித் தூக்கை எடுத்துக்கொண்டு போய் ஐந்நூறு ரூபாய்க்குச் சில்லறை கணக்குப் பார்த்துக் கொடுக்கிற நம் பிள்ளைகளும் வகுப்பில் கணக்கில் பெயில். அதற்காக, சந்தைக் கணக்கே போதும், படிப்பு வேண்டாம் என்ற முடிவுக்கு வந்துவிடக் கூடாது. சிலர் அப்படியும் பேசுகிறார்கள். பெரும்பாலும் தங்கள் பிள்ளைகளைக் கான்வென்டுக்கு அனுப்பிவிட்டுப் பேசுகிறார்கள். வாய்க்கணக்கு தேங்காய்க்குப் போதும். சம்பளச் சீட்டில் பி.எஃப். பிடித்தம் சரியா என்று பார்க்கவும், வட்டிக்காரன் எழுதின தாளை வாசிக்கவும் எழுத்துக்கணக்கு வேண்டும். முதலில் சொன்னதிலிருந்து இரண்டாவதற்குப் பாலம் போட வேண்டியதுதான் வாத்தியார் வேலை.

மொழியும் அப்படித்தான். நம் பிள்ளைக்கு வீட்டில் தமிழ், தெருவில் ஹிந்தியும் மராத்தியும், பலகையில் இங்கிலீஷ். இதனால் மூளை குழம்பிவிடும், வீட்டிலும் இங்கிலீஷே பேசுங்கள் என்று சிலர் பெற்றோருக்கு உபதேசம் செய்கிறார்கள். பழைய கதை. இரண்டு மொழி பேசும் பிள்ளைகளுக்குப் புத்தி குறைவு என்று ஒரு காலத்தில் நிபுணர்களே எழுதினார்கள். 1962-இல் கனடாவின் மான்ட்ரியல் நகரத்தில், குடும்ப வசதியையும் சேர்த்துக் கணக்கில் எடுத்துச் சரியாக ஒப்பிட்டுப் பார்த்தபோது, இரண்டு மொழியும் நன்றாகத் தெரிந்த பிள்ளைகள் பின்தங்கவில்லை, முந்தினார்கள். தெரியாத மொழியில் தாய் பேசுகிற பத்து வார்த்தையை விட, தெரிந்த தமிழில் சொல்கிற ஒரு கதை பிள்ளையின் மூளைக்கு அதிகத் தீனி. மும்பை மாநகராட்சி தமிழிலும் பள்ளி நடத்துகிறது என்பது வசதியான ஏற்பாடு மட்டுமல்ல. முன்னால் இருந்தவர்கள் கேட்டுப் பெற்ற உரிமை. பிள்ளைகள் சேராவிட்டால் வகுப்பு மூடப்படும், மூடினால் திரும்பத் திறப்பது கஷ்டம்.

வயது போய்விட்டது, எங்களுக்கு இனி என்ன என்று பின்வரிசையில் இருக்கும் டாக்ஸிக்கார அண்ணன்மார் கேட்பது தெரிகிறது. உங்களுக்காகவே ஒன்று வைத்திருக்கிறோம். இலண்டனில் டாக்ஸி லைசென்ஸ் வாங்க வேண்டுமென்றால் நகரத்தின் ஏறத்தாழ 25,000 தெருக்களையும் மனப்பாடமாகத் தெரிந்திருக்க வேண்டும். எலினார் மக்வயர் அம்மையார் 2000-இல் அந்த டிரைவர்களின் மூளையைப் படம் எடுத்துப் பார்த்தார். வழியை நினைவில் வைக்கும் பகுதியின் பின்புறம் மற்றவர்களை விடப் பெரிதாக இருந்தது. பெரிதாக இருந்தவர்கள்தான் டிரைவர் ஆனார்களோ என்று சந்தேகம் வருமல்லவா? அதற்காகப் புதிதாகப் படிக்கச் சேர்ந்தவர்களைச் சில ஆண்டுகள் தொடர்ந்து பார்த்தார்கள். 2011-இல் முடிவு வந்தது: படித்துத் தேறியவர்களுக்கு அந்தப் பகுதி வளர்ந்திருந்தது. வளர்ந்த ஆட்கள், சின்னப் பிள்ளைகள் அல்ல.

தோழர்களே, நேரமாகிறது, தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். நடக்க வேண்டியதைச் சொல்லி முடித்துக்கொள்கிறோம். வருகிற ஞாயிறு முதல் மாலை வகுப்பு மறுபடியும் நடக்கும், ஆறு மணி முதல் எட்டு மணி வரை, இதே இடத்தில். நின்றுபோன பிள்ளைகளின் வீடுகளுக்கு மாதர் குழுவினர் இந்த வாரமே மீண்டும் போகிறார்கள். அந்த ஏழாம் வகுப்புப் பெண்ணின் வீட்டுக்கு முதலில். கணக்கு வகுப்பில் முதல் அரை மணி நேரம் புத்தகமே கிடையாது. பிள்ளைகள் கடையில், வீட்டில் போடுகிற கணக்கை வாயால் சொல்ல, நாங்கள் அதைப் பலகையில் எழுதுவோம். தோல் பட்டறைத் தோழர்கள் இரண்டு பேர் வந்து, தோலை அளந்து வெட்டுகிற கணக்கைப் பிள்ளைகளுக்குச் செய்து காட்ட ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். தமிழ் எழுத்துக் கூட்டி வாசிக்கத் தெரிந்த தாய்மார்கள் நால்வர் வேண்டும். பெயரை இப்போதே கொடுக்கலாம். வகுப்புக்கு வரும் பிள்ளைகளுக்கு சுண்டல் கொடுப்பதற்கான செலவை இந்த மாதச் சந்தாவிலிருந்து எடுக்கச் செயற்குழு அனுமதிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறோம்.

டீ வந்துகொண்டிருக்கிறது. கேள்விகள் இருந்தால் கேட்கலாம்.